நாலாவது தோள்

கொம்பேறிக்காடு பேருக்குத்தான் ஊராட்சி. பெரம்பலூருக்கும் அரியலூருக்கும் நடுவே, மரம் மட்டை இல்லாமல் கண்ணுக்கெட்டிய தூரம் கரிசல் காய்ந்து கிடக்கும். அதில் அங்கொன்றும் இங்கொன்றுமாகக் கூரைகள். ஒரு வீட்டில் தொண்டை கிழியக் கூப்பிட்டாலும் அடுத்த வீட்டுக்குக் கேட்காது. ஆண்கள் பெரும்பாலும் சுண்ணாம்புக்கல் வெட்டவும் சிமெண்ட் மூட்டை தூக்கவும் போய்விட்டார்கள். மிச்சம் இருந்தவர்கள் வேறு போக்கிடம் இல்லாதவர்கள்.

எழுபத்தொன்பதாம் வருடம் பங்குனி மாதத்தில் ஒருநாள், அந்த ஊர்க் கிணற்றுக்கு மருந்து போட சைக்கிளில் வந்து இறங்கினார் சுகாதார ஆய்வாளர் சிவசுப்பிரமணியன். மனுஷனுக்கு எதைக் கண்டாலும் குமட்டும். அடுத்தவர் குடித்த டம்ளரைத் தொடமாட்டார். யாராவது கையைப் பிடித்துப் பேசிவிட்டால், பையில் எப்போதும் வைத்திருக்கும் சோப்புத் துண்டை எடுத்துக்கொண்டு தண்ணீர் தேடிப் போவார். இப்படிப்பட்டவரைப் பார்த்துத்தான் ஊர் ஊராகச் சாக்கடை பார்த்துவா என்று அனுப்பியிருந்தது அரசாங்கம்.

அன்றைக்கு அவருக்கு அவசரம். கல்யாணமாகி ஏழு வருஷம் ஏங்கிப் பெற்ற பிள்ளைக்கு மறுநாள் காலை கல்லங்குறிச்சிப் பெருமாள் கோயிலில் முடி இறக்க வேண்டும். மருந்தைக் கொட்டிவிட்டு, வெயில் தாழ்வதற்குள் அரியலூர் போய்ச் சேர்ந்துவிடலாம் என்று கணக்குப் போட்டிருந்தார்.

கிணற்றடியை நெருங்கும்போதே நாற்றம் வந்தது.

எலி செத்த நாற்றம் இல்லை. அழுகிய பழத்தில் சாணத்தைக் கலந்த மாதிரி, இனிப்பாக ஒரு வாடை. மூக்கில் ஏறி, தொண்டையில் எண்ணெய்ப் பிசுக்காகப் படிந்தது. அவர் கைக்குட்டையால் மூக்கையும் வாயையும் பொத்திக்கொண்டார்.

கிணற்றை ஒட்டிய வீட்டு வாசலில் பாடை கட்டி வைத்திருந்தார்கள். அதன்மேல் துணி போர்த்திய உடம்பு உப்பிக் கிடந்தது. ஈ மொய்த்ததில் வெள்ளைத் துணி கறுப்பாகத் தெரிந்தது. சுற்றி மூன்று ஆண்களும், அழுது ஓய்ந்த இரண்டு பெண்களும் நின்றார்கள்.

“எப்ப செத்தது இது?”

“முந்தாநாளுங்க சார். ஆண்டாயி. புள்ளகுட்டி இல்லாத கெழவி,” என்றார் மூவரில் மூத்தவரான அரியமுத்து.

“முந்தாநாளா! குடிக்கிற கிணத்துக்குப் பக்கத்துலயா வச்சிருக்கீங்க? உடனே எடுங்க. இல்லன்னா மேல எழுதிப் போட்டுருவேன்.”

“எடுக்கத்தாங்க சார் நிக்கிறோம். இருக்குறது மூணு தோளு. ரெட்டிபாளையத்துக்கு வேலைக்குப் போன சின்னதுரைக்கு ஆளு விட்டோம். இன்னும் வரல.”

“வண்டியில ஏத்த வேண்டியதுதானே?”

“சாவுறப்ப என் கையப் புடிச்சிக்கிட்டு ஒண்ணே ஒண்ணுதாங்க கேட்டுச்சு. வண்டியில போட்டு இழுக்காதீங்கடா, நாலு பேரு தோள்ல போவணும்டான்னு.”

மூவரும் சிவசுப்பிரமணியனின் முகத்தைப் பார்த்தார்கள். பிறகு அவருடைய தோளைப் பார்த்தார்கள்.

உடனே எடு என்று அதிகாரம் செய்த வாயால் மாட்டேன் என்று எப்படிச் சொல்வது? நாளைக்குக் கோயில், இன்றைக்குப் பிணத்தீட்டா என்று மனசு அடித்துக்கொண்டது. குளித்தால் போயிற்று, மனைவி மலர்கொடியிடம் சொல்லாமல் விட்டால் போயிற்று என்று தேற்றிக்கொண்டார். கைக்குட்டையை இறுக்கிக் கட்டி, பின்பக்கத்து மூங்கிலுக்குத் தன் இடது தோளைக் கொடுத்தார்.

தூக்கும்போது, மூவரில் ஒருவனான மாயவன் பக்கத்திலிருந்து மெல்லச் சொன்னான்.

“சார், தோள் மாத்த நம்மகிட்ட ஆளு இல்ல. குடுத்த தோள நடுவுல எடுத்துறாதீங்க. வேற தோளு வந்து வாங்குனாத்தான் பாரம் எறங்கும்.”

அவர் காதில் போட்டுக்கொள்ளவில்லை. மூச்சை அடக்குவதே பெரும்பாடாக இருந்தது.

சுடுகாடு வெகுதூரம். உச்சி வெயில். ஒரு காக்கை கூட இல்லை. கரிசல் வெடிப்புகளில் கால் இடறிக்கொண்டே இருந்தது. ஒவ்வொரு எட்டுக்கும் பாடையில் ஏதோ குலுங்கியது, அரைக்குடத் தண்ணீர் அலம்புவது போல.

பாதி வழியில் அவர் தோளில் சொட்டியது.

வெதுவெதுப்பாக.

வியர்வை என்று நினைத்தார். இன்னொரு சொட்டு கழுத்தில் விழுந்து, சட்டைக்குள் இறங்கி, மார்பு மயிரில் சிக்கி நின்றது. தொட்டுப் பார்த்தார். பழுப்பாக, பிசுபிசுவென்று, விரலுக்கும் விரலுக்கும் நடுவே நூல் விட்டது.

கட்டியிருந்த கைக்குட்டைக்குள்ளேயே வாந்தி எடுத்தார். அந்தப் புளிப்பும் மூக்கில் ஏறியதும் கிழவியாவது, நாலு பேராவது! தோளை உருவிக்கொண்டு விலகினார்.

பாடை சரிந்தது. துணிக்குள்ளிருந்து ஒரு கை நழுவித் தொங்கியது. ஊதிய விரல்கள் அவர் இடது தோளைத் தடவிவிட்டுப் போயின.

“சார்! தோளு!” மாயவனின் குரல் உடைந்தது. “வாங்கிக்க ஆளு இல்ல சார்!”

அவர் திரும்பிப் பார்க்காமல் ஓடினார். மருந்து மூட்டை பின்னால் கட்டியபடியே இருக்க, கிணற்றடியில் விட்டிருந்த சைக்கிளை எடுத்து மிதித்தார்.

சைக்கிள் இடது பக்கமாகவே இழுத்தது.

வழியில் ஒரு பம்புசெட்டில் நின்றார். சட்டையைக் கழற்றி எறிந்தார். சோப்பு கரைந்து தீரும்வரை தேய்த்தார். நாற்றம் போகவில்லை. கிணற்றுக்குக் கொண்டுவந்த பிளீச்சிங் பவுடரை அள்ளித் தோளில் அப்பினார். தோல் வெந்து கொப்பளித்தது.

நாற்றம் போகவில்லை.

பாரமும் போகவில்லை. மூங்கில் அழுத்திய இடத்தில் இன்னும் மூங்கில் அழுத்திக்கொண்டிருந்தது. எட்டு வைத்தால் காதருகே அரைக்குடத் தண்ணீர் அலம்பியது.

வீட்டில் சட்டை எங்கே என்று மலர்கொடி கேட்டதற்கு, முள்ளில் மாட்டிக் கிழிந்துவிட்டது என்றார். சோற்றைப் பிசைந்தால் விரலில் நூல் விடுவது போல இருந்தது. தட்டைத் தள்ளிவிட்டுப் படுத்தார்.

மறுநாள் கல்லங்குறிச்சியில் பிள்ளைக்கு மொட்டையடித்துச் சந்தனம் பூசினார்கள். “புடிங்க, பையை எடுத்துக்கிட்டு வரேன்,” என்று மலர்கொடி பிள்ளையை நீட்டினாள். அவர் வலது பக்கம்தான் வாங்கப் போனார். பிள்ளை சிரித்துக்கொண்டே தாவி இடது தோளில் படுத்துக்கொண்டது.

அந்த நொடியே தோள் லேசானது.

நாற்றம் விட்டது. சந்தனமும் துளசியும் மணந்தன. அவருக்கு அழுகையே வந்துவிட்டது. “பெருமாளே, காப்பாத்திட்ட!” என்று கோபுரத்தைப் பார்த்துக் கும்பிட்டார். பிள்ளையின் மொட்டைத் தலையில் மாறி மாறி முத்தம் கொடுத்தார்.

மலர்கொடி வந்து பிள்ளையை வாங்கினாள். வாங்கிய வேகத்தில் அவள் கைகள் தொய்ந்து இறங்கின.

“என்னங்க இது, இந்தக் கனம் கனக்குறான்?” மூக்கைச் சுளித்தாள். “வெளிக்கிப் போயிட்டானா? நாத்தம் கொடலப் புடுங்குது.”

பிள்ளையின் புதுச் சட்டையில், இடது தோளில், பழுப்பாக ஓர் ஈரம்.

வேற தோளு வந்து வாங்குனாத்தான் பாரம் எறங்கும்.

“குடு, என்கிட்ட குடு!” என்று இரண்டு கையையும் நீட்டிக்கொண்டு பாய்ந்தார். நாற்றம் முகத்தில் அடித்தது. அழுகிய பழம், சாணம், அந்த இனிப்பு வாடை. நீட்டிய கைகள் பாதியில் நின்றன.

“வாங்குங்களேன்! கைய விட்டு நழுவுறான்!”

அவர் வலது கை தன் போக்கில் இறங்கி, சட்டைப் பைக்குள் புதுச் சோப்புத் துண்டைத் தேடியது.

பிள்ளை சிரிப்பை நிறுத்தியது. அதன் சின்ன இடது தோள் மெல்லக் கீழே இறங்கியது. அதன்மேல் இன்னொரு சொட்டு விழுந்தது.