வைத்தியலிங்கத்தின் மூன்று நாள் ஜாமீன்

வைத்தியலிங்கத்தைக் குப்பியிலிருந்து எடுத்து அவருடைய உடம்புக்குள் ஏற்ற நான்கு நிமிடம் ஆயிற்று. அதற்காக அந்த உடம்பு அலுவலகத்தில் அரை நாள் அனுமதி வாங்கிக்கொண்டு வந்து, வரிசையில் ஒழுங்காக நின்றிருந்தது.

செவ்வாய்க் குடியேற்றத்தில் சிறை கட்ட இடமில்லை. அதனால் விசாரணைக் கைதிகளின் பிரக்ஞையை மட்டும் உருவி, கட்டைவிரல் நீளக் குப்பிகளில் காவலில் வைத்தார்கள். உடம்பு வீட்டுக்குப் போய்விடும். பிடரியில் பொருத்திய பழக்கப்பொறி அதை எழுப்பும், பல் துலக்க வைக்கும், வேலைக்கு அனுப்பும், கேட்டதற்குப் பதிலும் சொல்ல வைக்கும்.

வைத்தியலிங்கம் காற்று வாரியத்தின் துணைக் கண்காணிப்பாளர். தான் இல்லாவிட்டால் ஊரே மூச்சு விடாது என்று நம்புகிறவர். அவர் படிக்காமல் போட்ட ஒரு கையெழுத்தால் ஒரு தெரு நிஜமாகவே மூச்சு விடத் திணறியது, அதுதான் வழக்கு. உள்ளே போய் ஒரு வருடம் ஆகியும் விசாரணை தொடங்கவில்லை. இடைக்கால ஜாமீன் மனுவில், ‘என் மனைவி தவித்துப்போயிருப்பாள்’ என்று காரணம் சொல்லியிருந்தார். நீதிபதி உருகி, மூன்று நாள் கொடுத்தார்.

மனைவி செண்பகம் கதவைத் திறந்தாள். கண்ணீரை எதிர்பார்த்து நெஞ்சை நிமிர்த்தி நின்றார்.

“வந்தாச்சா? கை கழுவிட்டு வாங்க.”

“செண்பகம், நான்தான். நானே வந்திருக்கேன்!”

“காபி ஆறிடும்.”

அவருக்கு ஒன்றும் புரியவில்லை. அதிர்ச்சியில் வாயடைத்துப் போயிருப்பாளோ?

மறுநாள் அலுவலகம் போனார். அவருடைய நாற்காலிக்குப் பின்னால் ‘இவ்வாண்டின் சிறந்த அலுவலர்’ என்ற பட்டயம் தொங்கியது. வாங்கியது உடம்பு. கூட்டத்தில் அவர் ஒரு சந்தேகம் கேட்டதும் எல்லாரும் திரும்பிப் பார்த்தார்கள். “என்ன சார், உடம்பு சரியில்லையா?” என்றான் பக்கத்து மேசை அருளப்பன்.

மூன்றாம் நாள், குப்பிக்குள் இருக்கும் இருட்டைப் பற்றி மனைவியிடம் ஒரு மணி நேரம் சொன்னார். அவள் சரியான இடங்களில் “ம்” சொன்னாள்.

“நான் ஒரு வருஷமா வீட்லயே இல்லைடி! உனக்குத் தெரியவே இல்லையா?”

“சட்டையைக் கழட்டிப் போடுங்க. துவைக்கணும்.”

கெடு முடிய ஐந்து மணி நேரம் இருந்தது. அதற்குள்ளேயே அவர் காவல் நிலையத்தில் போய் நின்றார்.

“என்ன சார், சீக்கிரமே வந்துட்டீங்க?” என்றார் குப்பிக்காவலர் லூர்து.

“அவளுக்கு நான் வேணாம் லூர்து. பொறியே போதும். நான் இல்லைங்கிறதையே கவனிக்கலை. இப்படியும் ஒரு பொம்பளை உண்டா?”

பெயரைப் பதிவேட்டில் தேடிய லூர்து நிமிர்ந்தார். “உங்க வீட்டம்மா பேரு செண்பகமா? ஜன்னல் செடிக்குக் குழாய்க் காற்றைத் திருப்பிவிட்ட கேஸா?”

“எந்தக் கேஸ்?”

“அவங்க உள்ளே வந்து மூணு வருஷம் ஆச்சே சார். மேல் அலமாரி, பெண்கள் பிரிவு. அது வேற இலாகா, உங்க நீதிபதிக்குத் தெரிஞ்சிருக்காது. கைது நோட்டீஸ் உங்களுக்கு வந்துச்சே. இதோ, உங்க கையெழுத்து.”

அவருடையதுதான். கம்பீரமான கையெழுத்து.

“அவ... வெளியே வரக் கேக்கலையா?”

“கேட்டாங்க. ரெண்டு வருஷம் முன்னாடி மூணு நாள் கிடைச்சுது. அவங்களும் நேரத்துக்கு முன்னாடியே வந்துட்டாங்க. இதே இடத்துல நின்னு, ‘அவருக்கு வித்தியாசமே தெரியலை அண்ணே’ன்னு அழுதாங்க.”

எந்த மூன்று நாள்? வைத்தியலிங்கம் தலையைப் பிடித்துக்கொண்டு யோசித்தார். அப்போது அவர் முழுசாக, பொறியேதும் இல்லாமல், வீட்டில்தான் இருந்தார். ஏதோ இரண்டு மூன்று நாள் மட்டும் அவள் ஓயாமல் தொணதொணத்தது மங்கலாக நினைவு வந்தது. தலை வலிக்கிறது, நாளைக்குப் பேசலாம் என்று சொல்லியிருந்தார்.

மறுநாள் அவள் ஒன்றும் பேசாமல் காபியை நீட்டினாள். ஒருவழியாக வீடு சரியாகிவிட்டது என்று அன்றைக்கு அவர் நிம்மதியாக அலுவலகம் போயிருந்தார்.