நாற்பது நிமிடப் பிணம்

ஹைதர் செத்துக் கிடந்தார்!

நெஞ்சில் கத்தி. வாய் பாதி திறந்திருந்தது. மூக்கில் ஒரு ஈ...

அதே ஹைதர், அந்தத் திரைக்கு முன்னால் கால் மேல் கால் போட்டு உட்கார்ந்து தே தாரிக் டீ குடித்துக்கொண்டிருந்தார்.

"எப்படிலா நம்ம ஆக்டிங்?"

பெனாங்கு சூலியா தெருவில், நாசி கண்டார் சாப்பாட்டுக் கடைக்கு மேல்மாடி. லோகேஸ்வரியின் எடிட்டிங் அறை. பேய், காதல், காமெடி, கல்யாண வீடியோ... இருபது வருடமாக எது வந்தாலும் வெட்டி ஒட்டியவள். அவள் எடிட் செய்த பேய்ப் படத்தைப் பார்த்துவிட்டு, பேயாக நடித்தவரே மூன்று நாள் விளக்கை அணைக்காமல் தூங்கினார். சந்தேகமிருந்தால் கீழே கறி ஊற்றுகிறவரைக் கேளுங்கள். அவர்தான் அந்தப் பேய்.

இன்றைக்கு அவள் இன்னும் ஒரு வெட்டுகூடப் போடவில்லை.

தம்பி வாசு லாக்கப்பில்!

அவன் வேலை பார்க்கும் நகைக்கடையில் வைர அட்டிகை காணோம். 'நேற்று மதியம் இரண்டு மணிக்கு நடிகர் ஹைதர் வந்தார். அவர் போனதும் அட்டிகையும் போச்சு' என்றான் வாசு. 'இரண்டு மணிக்கு நான் பக்கத்திலேயே பத்து காவான் ஷூட்டிங்கில் பிணமாகக் கிடந்தேன்' என்றார் ஹைதர்.

சாட்சி, திரையில் ஓடும் இந்த ஷாட்.

"ஒண்ணே முக்கால்லேர்ந்து நாப்பது நிமிசம். நடுவுல வெட்டே இல்ல," என்றார் இன்ஸ்பெக்டர் அஸ்ஹர். "உங்க தம்பிதான் பொய் சொல்றாரு, அக்கா."

"அப்ப கூட யாரு இருந்தாங்க?"

"யாருமில்ல," என்றார் ஹைதர். "பொணத்து மேல வெயில் நகர்றத எடுக்கணும்னு டைரக்டர் கேமரா ரிமோட்ட என்கிட்ட குடுத்துட்டு, எல்லாரையும் மக்கான் சாப்பிடக் கூட்டிட்டுப் போயிட்டாரு. நான் அசையல. கலைம்மா, கலை!"

லோகேஸ்வரி திரையை உற்றுப் பார்த்தாள்.

மூச்சு!

பிணமாக நடிக்கிற எல்லோரும் மூச்சு விடுவார்கள். ஹைதர் குறட்டையே விடுவார். அவருடைய பதினோரு சாவிலும் அதை வெட்டி எறிந்தவள் இவள்தான். இந்த நாற்பது நிமிடத்தில் வெட்டுவதற்கு ஒரு மூச்சுகூட இல்லை!

"சார், இது ஆளில்ல! போன வருசம் பேய்ப் படத்துக்கு இவரு மூஞ்சிய அச்செடுத்து செஞ்ச ரப்பர் பொம்ம!"

"மூச்சுப் பயிற்சி எடுத்தேன்லா. மெதுவா விட்டா வெளிய தெரியாது."

"நல்லா நடிச்சா குத்தமா, அக்கா?" இன்ஸ்பெக்டர் எழுந்தார்.

"அஞ்சு நிமிசம் சார்! அண்ணன் நடிப்ப எடிட் பண்ணியே காட்டிடறேன்."

கீபோர்டு தடதடத்தது.

முதலில் அதே ஷாட், பேய்ப் படமாக. இருட்டைக் கூட்டினாள். ஊளையைச் சேர்த்தாள்.

"அடேங்கப்பா! என் கண்ணப் பாருங்க சார்!" என்றார் ஹைதர்.

அடுத்து குடும்பப் படம். அழுகிற அம்மா. வயலின். ஹைதர் கைக்குட்டையை எடுத்தார்.

"இந்த வருசம் அவார்டு எனக்குத்தான்!"

கடைசியாகக் காமெடி.

ஈ மூக்கில் உட்கார்ந்ததும்... 'டொய்ங்!' திறந்த வாய்க்கு ஆட்டுக்குட்டிக் குரல். கீழே பெரிய எழுத்தில்: 'முப்பது வருட அனுபவம்'.

இன்ஸ்பெக்டர் வயிற்றைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தார்.

"நிறுத்து!" ஹைதர் முகம் சிவந்தது.

"ஏண்ணே? கட்ட மாதிரி கெடக்கீங்க. இதுக்கு இதான் பொருந்துது. இன்னிக்கே யூடியூப்ல போட்டுடறேன், உங்க பேரோட."

"என் பேரோடயா?"

"பின்ன? பெனாங்கே பாக்கட்டும். கெடக்குறது நீங்கதான?"

"காது மடல்லகூட உயிரில்ல அதுக்கு! முப்பது வருசமா நடிக்கிறவன் இப்படியா சாவான்? நானா அது? ரப்பரு! வெறும் ரப்பரு!"



மின்விசிறிகூட ஒரு சுற்று நின்று பார்த்துவிட்டுத்தான் சுற்றியது.

"அப்ப ரெண்டு மணிக்கு நீங்க எங்க இருந்தீங்க, பாய்?" இன்ஸ்பெக்டர் விலங்கை எடுத்தார். "அட்டிகை எங்க?"

"பொம்ம... வயித்துக்குள்ள," என்றார் ஹைதர், தரையைப் பார்த்து.

அரை மணி நேரத்தில் போலீஸ் தூக்கிவந்த பொம்மையின் வயிற்றைக் கிழித்தார்கள். அட்டிகை பளிச்சென்றது. வாசுவை விடச் சொல்லி இன்ஸ்பெக்டர் போனில் உத்தரவு போட்ட பிறகுதான் லோகேஸ்வரி மூச்சு விட்டாள்.

படியிறங்கும்போது ஹைதர் திரும்பினார்.

"தங்கச்சி... அந்தக் காமெடி நல்லாத்தான் இருந்துச்சு. டைட்டில்ல என் பேரு போடுவியா?"

"போடுறேண்ணே. பொம்ம பேருக்குக் கீழ!"