அடிக்குறிப்பில் பூட்டப்பட்டவள்

பூட்டு விழுவதற்கு முன் செண்பகவல்லி என்னிடம், "ஆட்டக்காரங்களுக்கு ஒண்ணும் ஆகாதுல்லா சார்?" என்று கேட்டாளா, இல்லை அந்தக் கேள்வியைப் பிற்பாடு நானே சேர்த்துக்கொண்டேனா என்று உறுதியாகத் தெரியவில்லை. கேட்டிருந்தால் "ஆகாது" என்றுதான் சொல்லியிருப்பேன். அன்றைக்கு வேறு பதில் யாரிடமும் இருக்கவில்லை. மற்றவை நன்றாகவே நினைவிருக்கின்றன.

கொற்கைப் பல்கலைக்கழக நூலகத்தின் மேற்கோள் பிரிவில் நான் எழுத்தர். ஆய்வேடுகளின் அடிக்குறிப்புகளைச் சரிபார்த்துப் பூட்டுவது என் வேலை. புத்தகத்துக்குப் பூட்டு தேவையில்லை. அச்சடித்த பக்கம் நாளைக்கும் அதே பக்கம்தான். வீடியோ ஆட்டங்கள் அப்படி இல்லை. ஒரு காலத்தில் ஆட்டத்தின் பெயர், நிறுவனம், ஆண்டு, பதிப்பு எண் என்று எழுதி முடித்துவிடுவார்கள். தேர்வாளர் திறந்து பார்த்தால், ஆய்வேட்டில் இருபது பக்கம் அலசப்பட்ட பாலம் ஆட்டத்தில் இருக்காது. முந்தின வாரப் புதுப்பிப்பில் அதை எடுத்திருப்பார்கள்.

பிறகு வளராட்டங்கள் வந்தன. அவை ஆடுகிறவரின் சாயலைப் படித்து அவருக்கென்றே வளர்பவை. சாயல் என்பது ஒருவரின் இதயத்துடிப்பு, கைவேகம், தயக்கம், பசி எல்லாவற்றையும் நொடிக்கு நொடி சேர்த்துவைக்கும் பதிவு. வீட்டுக் கதவு முதல் மருந்துப்பெட்டி வரை எல்லாமே அதைப் பார்த்துத்தான் மனிதரை அறிந்துகொண்டன. ஆளுக்கு ஒரு சாயல்தான். ஆகவே இரண்டு பேர் ஆடிய ஆட்டம் ஒன்றாக இருக்க வழியில்லை. எதை மேற்கோள் காட்டுவது, எப்படிக் காட்டுவது என்று ஆறு வருடம் சண்டை போட்டு, கடைசியில் விதி பதினான்கை எழுதினார்கள்: மேற்கோள் காட்டப்பட்டது மாறக் கூடாது. ஆட்டத்தின் அந்தக் கணமும் அதை உண்டாக்கிய சாயலும் நிலைப்பூட்டால் பூட்டப்படும்.

அந்த விதியால் எட்டு வருடம் எந்தக் கெடுதலும் நேரவில்லை. காரணம் எளிமையானது. ஆய்வாளர்கள் எல்லோரும் இறந்துபோன ஆட்டக்காரர்களையே மேற்கோள் காட்டிவந்தார்கள். உயிரோடிருப்பவர் என்றால் ஒப்புதல் படிவம் பதினொரு பக்கம். இறந்தவருக்கு ஒரு வரி போதும்.

ஆய்வு மாணவி செண்பகவல்லிதான் பதினொரு பக்கத்தையும் நிரப்பிக்கொண்டு வந்த முதல் ஆள்.

அவள் மேற்கோள் காட்டியது ரெஜினா மச்சாதுவை. தூத்துக்குடித் துறைமுகத்தில் கிரேன் ஓட்டுகிறவர், வயது ஐம்பத்தெட்டு. அவர் ஆடிய 'நீர்க்காவல்' ஆட்டத்தில் ஆட்டக்காரர் மதகுக் காவலர். வெள்ளம் வரும். இடது மதகைத் திறந்தால் வயலும் குடிசைகளும் போகும். வலதைத் திறந்தால் ஊர் போகும். எல்லோரும் ஒரு நிமிடத்துக்குள் ஏதாவது ஒன்றைத் திறந்துவிடுவார்கள். ரெஜினா எதையும் தொடாமல் நாற்பத்தொரு நிமிடம் நின்றார். அவர் சாயலைப் படித்த ஆட்டம் வெள்ளத்தைத் தாமதப்படுத்திக்கொண்டே போனது. இரண்டு பக்கத்து மக்களும் மூட்டை முடிச்சுகளோடு மேட்டில் ஏறினார்கள். ஆட்டத்தை எழுதியவர்களுக்கே அப்படி ஒரு முடிவு இருப்பது தெரியாது. ஒன்றும் செய்யாமல் நிற்பதும் ஆட்டத்தில் ஒரு செயல் என்பது செண்பகவல்லியின் வாதம். அந்த வாதம் முழுவதும் அடிக்குறிப்பு அறுபத்தொன்றின் மேல்தான் நின்றது: மச்சாது, ரெஜினா. நீர்க்காவல், பதிப்பு 9.4, மூன்றாம் வெள்ளம், பெரிய வெள்ளி, பிற்பகல் 3.12 முதல் 3.53 வரை.

நான் பூட்டினேன். வாய்மொழித் தேர்வில் வெளியூர்த் தேர்வாளர் அடிக்குறிப்பைத் திறப்பான் கருவியில் ஓடவிட்டு, அந்த நாற்பத்தொரு நிமிடமும் நாற்காலியில் அசையாமல் உட்கார்ந்திருந்தார். எழுந்தபோது, "பட்டம் கொடுத்துடலாம்" என்று மட்டும் சொன்னார்.

பூட்டிய பதினாறாம் நாள் ரெஜினா நூலகத்துக்கு வந்தார். செண்பகவல்லி அவரைக் கையைப் பிடித்து அழைத்து வந்தாள். அவர் கையில் இரண்டு லிட்டர் தண்ணீர் பாட்டில் இருந்தது, பாதிக்கு மேல் காலி.

"தம்பி, ஒங்க வாசக்கதவு என்னய உள்ள விட நாப்பத்தொரு நிமிசம் யோசிச்சிட்டு. நான் என்ன குண்டா வச்சிருக்கேன்?"

நான் சிரித்தேன். அவரும் சிரித்தார். செண்பகவல்லி சிரிக்கவில்லை.

"கிரேன சொல்லுங்கக்கா" என்றாள்.

"அதுவும் அப்படித்தான். மேல கண்டெய்னர் தொங்குது, கீழ ஆளுவ நிக்கானுவ. நான் கைப்பிடியத் தள்ளுதேன், அது சும்மா நிக்கி. சூப்பர்வைசரு, 'என்ன ரெஜினா, செபமாலை சொல்லுதியா'ங்கான். ஒரு வாரமா என்னய ஏத்தல." பாட்டிலைத் திறந்து குடித்தார். "தாகம் அடங்கவே மாட்டேங்கு. கண்ணு வேற மங்கலா கெடக்கு."

இடுப்பில் இருந்த இன்சுலின் பெட்டியை அவர் என் பக்கம் திருப்பிக் காட்டினார். திரையில் சர்க்கரை 92 என்று இருந்தது. அதற்குக் கீழே சிறிய எழுத்தில் பெரிய வெள்ளியின் தேதி, நேரம் 3.12.

பல்கலைக்கழக மருந்தகச் செவிலியிடம் விரலில் குத்திப் பார்க்கும் பழைய மீட்டர் ஒன்று இருந்தது. அது 486 காட்டியது. செவிலி பேட்டரியை மாற்றிவிட்டு மறுபடி குத்தினார். 491.

பெரிய வெள்ளியன்று ரெஜினா உபவாசம். பகலுக்கு ஒரு வாய்க் கஞ்சி, அவ்வளவுதான். சர்க்கரை குறைந்திருந்தது, பெட்டி மருந்தைக் குறைத்துக் கொடுத்திருந்தது. நான் பூட்டியது நகலை அல்ல, அவருடைய ஒரே சாயலை. ஆளுக்கு ஒரு சாயல்தான் என்று ஊருக்கே தெரியும். பூட்டுகிற எனக்கு அது உறைக்கவில்லை. பதினாறு நாளாக ரெஜினா மீனும் சோறும் சாப்பிட்டார். பெட்டி அவரை உபவாசம் இருக்கிறவராகவே பார்த்தது.

"பெரிய வெள்ளி அன்னைக்கி ஆட்டம் ஆடுனேன்னு சாமியார்ட்ட மட்டும் சொல்லிராதட்டி" என்று ரெஜினா செண்பகவல்லியிடம் முணுமுணுத்தார்.



மருத்துவமனைக்குப் பேசினோம். அங்கே மருந்து விடும் கருவிகளும் சாயலைப் பார்த்துத்தான் விடும். வெறும் மருந்துப் புட்டியை மனிதர் கையில் கொடுக்கும் வழக்கம் ஒழிந்து பல வருடம் ஆகிவிட்டது. "பூட்டை எடுத்துட்டுக் கூட்டி வாங்க" என்றார் மருத்துவர். "இல்லன்னா நாலஞ்சு நாள்தான்."

செண்பகவல்லியின் நெறியாளர் ஆபிரகாம் ஞானதாஸ் வந்தார். எப்போதும் சட்டைப்பையில் இரண்டு பேனா வைத்திருப்பவர். அன்றைக்கு ஒன்றும் இல்லை.

"ஆய்வேட்டத் திரும்ப வாங்கிக்கிடுதேன் சார். எனக்குப் பட்டம் வேண்டாம்" என்றாள் செண்பகவல்லி.

"வாங்கிக்கிடலாம்மா. ஆனா பதினாறு நாள்ல பத்தொம்பது கட்டுரை உன் அறுபத்தொண்ண எடுத்துப் போட்டுட்டு. ஒவ்வொண்ணும் தனிப் பூட்டு."

"எல்லாருக்கும் எழுதுவோம். முதல்ல நம்ம மனுவக் குடுப்போம்."

அவள் சொல்லச் சொல்ல நான் மனுவைத் தட்டினேன். அடிக்குறிப்பு அறுபத்தொன்றின் பூட்டை நீக்க வேண்டுகிறேன் என்று ஒரே வரி. அனுப்பியதும் என் திரையில் பச்சை விளக்கு எரிந்தது: 'மச்சாது, ரெஜினா. இருபத்தோராவது மேற்கோள் பதிவாயிற்று. பூட்டப்பட்டது.'

மூன்று பேரும் அதையே பார்த்துக்கொண்டிருந்தோம். பூட்டை எடுக்கச் சொல்லி எழுதும் தாளும் அறுபத்தொன்றைக் குறிப்பிடுவதால் பூட்டும். விசாரணைக் குழு கூடினால் அதன் அறிக்கையும் பூட்டும். மருத்துவமனை எழுதப்போகும் நோய்க்குறிப்பும் பூட்டும். ரெஜினா பாட்டிலில் மிச்சமிருந்த தண்ணீரைக் குடித்து முடித்தார்.

"பொய்யான மேற்கோள்னா என்ன சார் ஆகும்?" என்று செண்பகவல்லி என்னைக் கேட்டாள்.

நான் விதிப்புத்தகத்தைத் திறக்கவில்லை. அது எனக்கு மனப்பாடம். புனைந்த மேற்கோள் என்று ஆய்வாளரே ஒப்புக்கொண்டால் எல்லாப் பூட்டும் அந்த நொடியே கழன்றுவிடும். எடுத்தாண்ட கட்டுரைகளிலிருந்தும் கழலும். மூலம் என்று காட்டப்பட்ட சாயல் 'இல்லாதது' என்று பதிவாகும்.

"செண்பா, அதுக்குப் பொறவு உன்ன எந்தக் கல்லூரிக்காரனும் வாசல்லகூட நிக்க விடமாட்டான்" என்றார் ஞானதாஸ்.

அவள் ரெஜினாவின் பக்கம் திரும்பினாள். "அக்கா, நீங்கன்னு ஒரு ஆளே இல்லன்னு எழுதணும். நானே ஆடிட்டு நானே கதை கட்டினேன்னு."



"அந்த நாப்பத்தொரு நிமிசம் நான் நின்னதுதானட்டி" என்றார் ரெஜினா. "முப்பது வருசம் கிரேன் ஓட்டிருக்கேன். நான் செஞ்சத ஒருத்தரு உக்காந்து பாத்தது அது ஒண்ணுதான்."

"ஆமாக்கா."

"அந்த வெளியூர்க்காரரு முழுசும் பாத்தாராமே."

"கண்ணு எடுக்காமப் பாத்தாரு."

ரெஜினா காலிப் பாட்டிலின் மூடியைத் திருகினார், திறந்தார், மறுபடி திருகினார். "எழுது. உசுரு கெடந்தா ஒன்கூடப் பொறவு சண்டை போட்டுக்கிடுதேன்."

வாக்குமூலத்துக்குக் கையெழுத்து என்பது சாயல்தான். செண்பகவல்லி பலகையின் மேல் கையை வைத்தாள். கை நடுங்கியதில் பலகை இரண்டு முறை ஏற்க மறுத்தது. மூன்றாம் முறை, அவள் மூச்சைப் பிடித்துக்கொண்டு அழுத்தியபோது ஏற்றது. மணி 12.40.

ரெஜினாவின் இடுப்புப் பெட்டி ஒரு முறை ஒலித்தது. 'ஆள் தெரியவில்லை. கைமுறை' என்று எழுத்து வந்தது. யாரென்று தெரியாத உடம்பில் மாட்டியிருந்தால் கையால் திருகி மருந்து விடும்படிதான் அந்தக் காலத்துப் பெட்டிகளைச் செய்திருந்தார்கள். செவிலி அளவு சொல்ல, ரெஜினாவே திருகினார். மாலைக்குள் சர்க்கரை 210க்கு இறங்கியது.

அவர் கிளம்பியபோது வாசல்கதவு திறக்கவில்லை. நாற்பத்தொரு நிமிடம் கழித்தும் திறக்கவில்லை. காவலாளி தன் சாயலைக் காட்டித் திறக்க, அவர் முதுகை ஒட்டிக்கொண்டு ரெஜினா வெளியே போனார்.

ரெஜினா மச்சாது அதன் பிறகு பதினான்கு வருடம் உயிரோடிருந்தார். பதிவுகளில் அவர் இல்லை. துறைமுகம் அவரை ஏற்றவில்லை. மருந்தைத் தங்கச்சி பெயரில் வாங்கினார். யார் பின்னாலாவது நடந்துதான் எந்தக் கதவையும் கடந்தார். செண்பகவல்லியிடம் சொன்ன சண்டையை அவர் கடைசிவரை போடவில்லை. பேசவும் இல்லை. ஞானதாஸ் அந்த ஆண்டே ஓய்வு வாங்கிக்கொண்டார். ஆய்வாளர்கள் இறந்த ஆட்டக்காரர்களிடமே திரும்பிப் போனார்கள். விதி பதினான்கு இன்னும் இருக்கிறது. நான் ஓய்வு பெறும்வரை அதே நாற்காலியில் இருந்து பூட்டிக்கொண்டிருந்தேன்.

செண்பகவல்லியின் வாக்குமூலம், புனைந்த மேற்கோளுக்கு எடுத்துக்காட்டாக ஆய்வுநெறிப் பாடநூல்களில் சேர்ந்தது. அது ஆட்டம் இல்லை, வெறும் தாள்தானே என்றுதான் எல்லோரும் நினைத்தார்கள். அதில் கையெழுத்தாக இருந்த அவள் சாயலும் விதி பதினான்கின்படி பூட்டிக்கொண்டது. இதுவரை முந்நூற்றுப் பன்னிரண்டு நூல்கள் அதை மேற்கோள் காட்டியிருக்கின்றன. அவள் கோவில்பட்டியில் தனியாக இருக்கிறாள். அவள் வீட்டுக்கு எப்போதும் பகல் 12.40. அவள் கை வைக்கும் கதவுகள் இரண்டு முறை மறுத்து மூன்றாம் முறை திறக்கின்றன. அவள் தூங்கும்போதும் வீடு விளக்கைத் தணித்து, பயப்பட வேண்டாம், மருத்துவரைக் கூப்பிடட்டுமா என்று கேட்டுக்கொண்டிருக்கிறது.