கைதட்டல் இல்லாத எட்டு வரிகள்

வெள்ளிக்கிழமை, காலை மணி பத்து. இதய நோய்ப் பிரிவின் நர்ஸ் அறையில் ஆறு பேர் ஒரு செல்போனைச் சுற்றி நின்றார்கள். அதை மருந்துத் தட்டின்மேல் சாய்த்து வைத்தவள் தலைமை நர்ஸ். சரியாகப் பத்து மணிக்கு வெளியாகப் போகும் பாட்டில் ராப் பாடியிருப்பவன் அவளுடைய ஒரே தம்பி. பள்ளிக்கூடத்தில் ஓயாமல் பேசி அறுத்ததற்காக நண்பர்கள் வைத்த 'ரம்பம்' என்ற பட்டப்பெயரையே மேடைப் பெயராக்கிக்கொண்டவன். ஆறு வருஷம் கல்லூரி விழாக்களிலும் கடைத் திறப்புகளிலும் தொண்டை கிழியக் கத்தினான். இன்றைக்குத்தான் ஒரு பெரிய பாடகியின் பெயருக்குப் பக்கத்தில் அவன் பெயரும் வருகிறது.

"சவுண்டு கூட்டுங்க சிஸ்டர். நாளைக்கு உங்களைப் பிடிக்க முடியாது" என்றாள் ஒருத்தி.

தலைமை நர்ஸ் சிரித்தாள். அந்தச் சிரிப்பு வார்டு முழுக்கப் பிரசித்தம். கலகலவென்று தொடங்கி, விக்கல் மாதிரி ஒரு இழுப்பில் முடியும்.

பாட்டு தொடங்கியது. மின்னணுத் தாளம், மேலே பாடகியின் குரல். ஒரு நிமிஷம் நாற்பது நொடியில் தம்பியின் ராப் வந்தது.

*பாட்டுக்காரப் பொண்ணு வந்தா தகரம் கிழியுது,*
*மைக்கு கூட காதைப் பொத்தி மூலையில அழுவுது,*
*கேக்க வந்த கூட்டமெல்லாம் கதவைத் தேடுது,*
*வாயை மூடு தாயி, ஊரு தூங்க ஏங்குது...*

இப்படி எட்டு வரி. யாரும் யார் முகத்தையும் பார்க்கவில்லை. சோறு போட்ட பாடகியை அவள் பாட்டிலேயே நாறடித்திருக்கிறான். அப்படித்தான் யாருக்கும் கேட்கும்.

மணி 10:25. தம்பியின் போன்.

"அக்கா, நான் பாடினது இது இல்லக்கா. சத்தியமா இல்ல."

"குரல் உன்னுதுதானே?"

"என்னுதுதான். ஆனா இதை நான் அங்க பாடவே இல்ல. எங்கயாவது பாடினேனான்னும் தெரியல."

பதினோரு மணிக்குள் பாடகியின் ரசிகர்கள் அவன் முகத்தைப் பெயர்க்க வேண்டும் என்று எழுதினார்கள். பதினொன்றரைக்கு எவனோ வீட்டு முகவரியைப் போட்டான். பன்னிரண்டுக்கு வாசலில் நின்ற பைக் சாய்ந்து கிடந்தது, ஜன்னல் கண்ணாடி இரண்டு உடைந்தது. பாட்டை வெளியிட்ட கம்பெனியின் மேனேஜர் சுருக்கமாகச் சொல்லிவிட்டார்: மாலை ஐந்து மணிக்கு அறிக்கை வரும். ரம்பத்தின் பெயர் நீக்கப்படும், அவன்மேல் வழக்குப் போடப்படும், இனி எந்தக் கம்பெனியும் அவனைத் தொடாது.

தம்பி குளியலறைக்குள் போய்த் தாழ்ப்பாள் போட்டுக்கொண்டான். ஆஸ்பத்திரியிலிருந்து ஓடி வந்த அக்கா கதவுக்கு வெளியே நின்று சொன்னாள்.

"டேய், முகத்தைக் கழுவிட்டு வெளிய வந்து உக்காரு. இதைப் பண்ணினது யாரா இருந்தாலும் விடமாட்டேன். உனக்கு நடந்தது அவங்களுக்கும் நடக்கணும். இதே மாதிரி, ஊரறிய, இன்னிக்கே."

அவள் சும்மா மிரட்டுகிறவள் இல்லை. மருந்து மாற்றிக் கொடுத்த ஒரு டாக்டரை மூன்று மாசம் துரத்தி மன்னிப்புக் கடிதம் வாங்கியவள்.

மணி 12:50. பாட்டு உருவான ஸ்டூடியோ. இரண்டாம் மாடியில் ஜன்னலே இல்லாத அறை, சுவர் முழுக்கப் பஞ்சுப் பலகை. இசையமைப்பாளர் தலையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். குரலையும் இசையையும் கலந்து மிக்சிங் செய்கிறவர், காதோரம் நரைத்த மனிதர், குற்றவாளிக் கூண்டில் நிற்பவர் போலத் திருதிருவென்று விழித்தார்.

"சரியான பாட்டைக் கடைசியா எப்போ கேட்டீங்க?"

"புதன்கிழமை நாலு மணிக்கு. எல்லாரும் சேர்ந்து கேட்டோம், எல்லாரும் ஓகே சொன்னாங்க" என்றார் மிக்சிங்காரர்.

"அப்புறம்?"

"பென் டிரைவ்ல போட்டேன். பாடகி மேடம் கார்ல போட்டுக் கேட்டாங்க. ஸ்பீக்கர்ல நல்லா இருக்கிறது கார்ல சொதப்பும், அதனால கடைசியா கார்ல ஒரு தடவை கேக்கிறது வழக்கம். நாலு பத்துக்குப் போனாங்க, நாலு முப்பத்தஞ்சுக்கு வந்தாங்க. அப்புறம் அஞ்சரை வரைக்கும் சார் மேசையில கிடந்துச்சு. அதுக்கப்புறம் உங்க தம்பிதான் பைக்ல கம்பெனிக்குக் கொண்டு போனான்."

"கம்பெனியில யாரும் கேக்கலையா?"

"இருநூறு தடவை கேட்ட பாட்டும்மா. இருநூத்தி ஒண்ணாவது தடவை எவன் கேப்பான்?"

இசையமைப்பாளர் சீறினார். "இதுல துப்பு துலக்க என்ன இருக்கு? கடைசியா கையில வச்சிருந்தது உங்க தம்பி. குரலும் அவனுது. எட்டு மாச உழைப்புங்க! அந்தம்மா இழுத்த இழுப்புக்கெல்லாம் வளைஞ்சு கொடுத்தேன். ஆடற பாட்டு, தாளத்தை நிமிஷத்துக்கு நூத்தி இருபது தட்டுன்னு வேகமா வச்சிருந்தேன். அவங்க தொண்ணூத்தாறுன்னாங்க. ஒண்ணு கூடக் கூடாது, ஒண்ணு குறையக் கூடாது. சரின்னேன். ராப் மட்டும் பழைய ரேடியோ மாதிரி கரகரன்னு வேணும்னாங்க. அதுக்கும் சரின்னேன்."

அக்கா காதில் ஹெட்போனை மாட்டிக்கொண்டாள். "ரெண்டையும் போடுங்க. முதல்ல புதன்கிழமைப் பாட்டு, அப்புறம் இன்னிக்கு வந்தது. ராப் மட்டும்."

மார்பில் குத்தியிருந்த நர்ஸ் கடிகாரத்தைத் திருப்பிப் பிடித்தாள். இருபது வருஷமாக நாடியையும் மூச்சையும் எண்ணிய பழக்கம். மற்றவர்கள் வார்த்தையைக் கேட்கும் இடத்தில் அவள் மூச்சைக் கேட்டாள். மூன்று தடவை போடச் சொன்னாள்.

"கடைசியில ஒரு பொம்பளைச் சிரிப்பு வேற" என்றார் மிக்சிங்காரர். "நான் போட்டது இல்ல."

அவள் அதைக் காதில் வாங்கவில்லை. ஹெட்போனைக் கழற்றினாள்.

"இன்னிக்கு வந்ததுல ஆறு மூச்சு. ஆறுலயும் மெல்லிசா ஒரு விசில் வருது. புதன்கிழமைப் பாட்டுல அது இல்ல. அவனுக்கு மூக்குத்தண்டு வளைஞ்சிருந்துச்சு, போன வருஷம் ஆபரேஷன் பண்ணி நேராக்கினாங்க. அதுக்கப்புறம் அவன் மூச்சுல விசில் கிடையாது. ஆக, இது பழைய குரல்."

இசையமைப்பாளர் நிமிர்ந்தார். "பழைய குரல் புதுப் பாட்டோட தாளத்துல எப்படிங்க அச்சுல வார்த்த மாதிரி உக்காரும்?"

"அதைத்தான் நானும் யோசிக்கிறேன். அண்ணா, இன்னொண்ணு. புதன்கிழமைப் பாட்டுல ராப்புக்கு அடியில கைதட்டல் கேக்குது. இன்னிக்கு வந்ததுல அந்த எட்டு வரியில மட்டும் இல்ல."

மிக்சிங்காரர் இரண்டையும் திரும்பப் போட்டுப் பார்த்தார். "ஆமா! அந்த இடம் காலியா இருக்குன்னு புதன்கிழமை காலையிலதான் போட்டேன்."

"கைதட்டல் இல்லாத இசை வெளிய யார்கிட்ட இருக்கு?"

"திங்கக்கிழமை குரல் இல்லாம வெறும் இசையை மட்டும் ஒரு காப்பி எடுத்தேன். மேடம் மேடைக்கு ஆடிப் பழகணும்னு கேட்டாங்க. வேற யாருக்கும் கொடுக்கல. வெளிய கசிஞ்சா கம்பெனி என் தலையை உருட்டிடும்."

அக்கா கைப்பையை எடுத்துத் தோளில் மாட்டினாள். அவள் உதட்டில் வந்த சிரிப்பு நல்ல சிரிப்பு இல்லை.

மணி 4:20. விசாரித்து அலைந்து கண்டுபிடித்த பாடகியின் வீடு. வாசலில் ஆறுதல் சொல்ல வந்தவர்களின் பூங்கொத்துகள் குவிந்து கிடந்தன. ரம்பத்தின் அக்கா என்று சொல்லி அனுப்பியதும், உள்ளே விடமாட்டார்கள் என்றுதான் நினைத்தாள். விட்டார்கள்.

மேடையில் ஆளையே அசத்துகிற பாடகி, வீட்டில் மூக்குக்கண்ணாடி போட்ட சின்னப் பெண்ணாக இருந்தாள். மேசையில் லேப்டாப் திறந்திருந்தது.

"மன்னிப்புக் கேக்க வந்தீங்களா?"

"இல்லம்மா. மூணு நிமிஷப் பாட்டைக் கார்ல இருபத்தஞ்சு நிமிஷம் கேட்டியே, ஏன்னு கேக்க வந்தேன்."

அக்கா நாற்காலியை இழுத்துப் போட்டு எதிரில் உட்கார்ந்தாள்.

"மாத்தினது இசையமைப்பாளரோ மிக்சிங்காரரோ இல்ல. அவங்களா இருந்தா குரலை மட்டும் எடுத்துட்டு வேற குரல் வச்சிருப்பாங்க, கைதட்டல் அப்படியே இருந்திருக்கும். என் தம்பிகிட்ட இந்த இசையோட காப்பியே கிடையாது. திங்கக்கிழமை இசையை மட்டும் வச்சிருந்தவங்கதான் அந்த எட்டு வரியை வெட்டி ஒட்டியிருக்கணும். அது நீ ஒருத்திதான். முன்னாடியே தயார் பண்ணி வச்சிருந்தே. கார்ல, மடியில லேப்டாப்பை வச்சு ஒட்டினே. பழைய குரல்னு தெரியக்கூடாதுன்னு ராப்பை ரேடியோ மாதிரி கரகரன்னு ஆக்கச் சொன்னே. எல்லாத்துக்கும் மேல அந்தத் தொண்ணூத்தாறு. பழைய குரலைப் பாட்டுக்கு ஏத்த மாதிரி நீ மாத்தல. பாட்டையே அந்தக் குரலுக்கு அளவெடுத்துத் தைச்சிருக்கே. எட்டு மாசம்! திட்டு வாங்கினது நீ, அதனால உன்னை எவனும் சந்தேகப்பட மாட்டான். ஏன் செஞ்சே? என் தம்பி உனக்கு என்னடி பண்ணினான்?"

பாடகி கண்ணாடியைக் கழற்றித் துடைத்தாள். பயந்த மாதிரி தெரியவில்லை.

"அவனுக்கு ஞாபகம் இருக்கா?"

"இல்ல."

"இருக்காதுன்னு தெரியும். மூணு மாசம் பக்கத்துல நின்னு பாடினான், அடையாளம் தெரியல. அஞ்சு வருஷம் முன்னாடி கல்லூரிகளுக்குள்ள ஒரு பாட்டுப் போட்டி. எனக்குக் காய்ச்சல். மேடையில குரல் உடைஞ்சு நின்னுட்டேன். அதுக்குள்ள பின்னாடி அறையில உங்க தம்பி மேசையைத் தட்டி இந்த எட்டு வரியைப் பாடியிருக்கான். யாரோ அதைப் போன்ல பிடிச்சு ஊரெல்லாம் அனுப்பிட்டாங்க. மறுநாள் எங்க அப்பா வேலை செய்யற ஒர்க்‌ஷாப்ல போட்டுக் காட்டிச் சிரிச்சிருக்காங்க. அப்பா வீட்டுக்கு வந்து ஒண்ணே ஒண்ணு சொன்னாரு. 'இனிமே என் காது கேக்கப் பாடாதே.' போன வருஷம் போய்ச் சேர்ந்தாரு. கடைசி வரைக்கும் என் பாட்டு ஒண்ணைக்கூட அவர் கேக்கல. அவன் வார்த்தையை நான் ஒண்ணும் மாத்தல. அவனுதை அவனுக்கே திருப்பிக் கொடுத்தேன். அதே மாதிரி, ஊரறிய."

மதியம் குளியலறைக் கதவுக்கு வெளியே தான் சொன்னதையே இவள் சொல்கிறாள் என்பது அக்காவுக்கு உறைக்கவில்லை. ஜெயித்துவிட்ட வெறி தலைக்கேறியிருந்தது.

"அவ்வளவுதானா? சின்னப் பசங்க எட்டு வரி கிண்டல் பண்ணினதுக்கா இத்தனை வேஷம்? இருடி, அஞ்சு மணிக்கு உன் பேரு நாறப்போகுது பாரு!"

சொல்லிவிட்டுச் சிரித்தாள். கலகலவென்று, வாய்விட்டு.

பாடகியின் கை கண்ணாடித் துணியோடு அப்படியே நின்றது.

"இன்னொரு தடவை சிரிங்க."

"என்ன?"

பாடகி லேப்டாப்பைத் திருப்பி ஒரு பொத்தானை அழுத்தினாள். இசை இல்லாத பழைய பதிவு. மேசை தட்டும் சத்தம், தம்பியின் குரல், மூக்கு விசில். எட்டாவது வரி முடிந்ததும் போனுக்கு மிக அருகில் ஒரு பெண் சிரித்தாள். கலகலவென்று தொடங்கி, விக்கல் மாதிரி ஒரு இழுப்பில் முடிந்தது.

தன் குரலைப் பதிவில் கேட்டால் யாருக்கும் சட்டென்று பிடிபடாது. காலையில் ஒரு தடவை, ஸ்டூடியோவில் மூன்று தடவை கேட்டும் அவளுக்குப் பிடிபடவில்லை. இப்போது பிடிபட்டது. அந்தப் பின்னறை, வரிசையாக மடக்கு நாற்காலிகள், லீவு போட்டுவிட்டு வந்து தம்பிக்காகக் காத்திருந்தது, கையில் புதுப் போன். 'என் தம்பி எப்படிப் பாடறான் பாருங்க' என்று தெரிந்தவர்கள் எல்லோருக்கும் அனுப்பினாள். அனுப்பிவிட்டு மறந்தும் போனாள்.

"போன்ல பிடிச்சவங்க யாருன்னு அஞ்சு வருஷமாத் தேடறேன்" என்றாள் பாடகி. "சிரிப்பு மட்டும்தான் என்கிட்ட இருந்துச்சு. பாட்டுல அதை விட்டு வச்சதே, எங்கயாவது யாராவது 'இது அவ சிரிப்பாச்சே'ன்னு சொல்ல மாட்டாங்களான்னுதான். நீங்களே வந்துட்டீங்க."

அக்கா நாற்காலியிலிருந்து எழுந்தாள். "அம்மா, நான் வேணும்னு..."

"மன்னிப்பு வேண்டாம். கேட்டாலும் கொடுக்க மாட்டேன். கம்பெனிக்குப் போன் பண்ணிச் சொல்லுங்க, மாத்தினது நான்தான்னு. மறுக்கவே மாட்டேன். என்ன வழக்கு வந்தாலும் வரட்டும். நீங்க எவ்வளவு சொல்றீங்கன்னு மட்டும் நான் இங்க உக்காந்து கேக்கணும்."

மணி 4:56. அக்கா மேனேஜரின் எண்ணை அழுத்தினாள். அந்தச் சிரிப்பு யாருடையது என்று கம்பெனியில் யாருக்கும் தெரியாது. சிரிப்பைப் பற்றி ஒரு வார்த்தை சொல்லாவிட்டாலும் தம்பி தப்பித்துவிடுவான், இந்தப் பெண் மாட்டுவாள். எதிரே பாடகி கண்ணாடியை மாட்டிக்கொண்டு அவள் வாயையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"சார், ரம்பத்தோட அக்கா பேசறேன். பாட்டை மாத்தினது பாடகி. ஒத்துக்கிட்டாங்க. ஆனா அந்த எட்டு வரியைப் பாடினது என் தம்பிதான். அஞ்சு வருஷம் முன்னாடி, இதே பொண்ணைப் பத்திப் பாடினான்."

"அப்படியா! அறிக்கையை நிறுத்தச் சொல்றேன். நல்ல நேரத்துல சொன்னீங்கம்மா" என்று மேனேஜர் போனை வைக்கப் போனார்.

"வச்சிடாதீங்க சார். இன்னும் ஒண்ணு இருக்கு. அதையும் எழுதிக்குங்க" என்றாள். "கடைசியில ஒரு சிரிப்பு வருதே, அது என்னுது. அதை ஊரெல்லாம் அனுப்பினதும் நான்தான்."