றம்லா போடாத கையெழுத்து

டெலிபோன் அலறியது!

றம்லா எடுக்கவில்லை. பார்த்துக்கொண்டே இருந்தாள்.

புருஷன் முகைதீன்பாவா மௌத்தாகி, விதவைக்கான இத்தா இருந்து, நேற்றுத்தான் முடிந்திருந்தது. நாலு மாதம் பத்து நாள் வாசல் தாண்டாத பெண்ணுக்கு டெலிபோன் என்ன, இடியே விழுந்தாலும் ஒன்றுதான்.

மகள் நஸ்ஹாதான் எடுத்துக் கேட்டாள்.

"உம்மா... செட்டில பம்படிக்கிற அஸாம் நானா. எண்ணெய்க் கந்தோர் ஆள் வந்திருக்காராம். லைசன கேன்சல் பண்ணப் போறாராம்!"

தன்னாமுனை தாண்டி, றம்லாவின் பேரில் லைசன் எடுத்து, பெற்றோலும் டீசலும் விற்ற அந்த எண்ணெய் செட்தான் தாய்க்கும் மகளுக்கும் சோறு. அதுவும் போனால் அவ்வளவுதான்!

றம்லா அபாயாவை மாட்டினாள். நெஞ்சு பதறவேண்டிய நேரம். பதறவில்லை... மரத்துப்போயிருந்தது.

செட்டில் எண்ணெய்க் கந்தோர் அதிகாரி வினாயகமூர்த்தி கணக்குப் புத்தகத்தைப் புரட்டிக்கொண்டிருந்தார். பக்கத்தில் பவ்வியமாகக் கை கட்டியபடி றம்ஸீன். முகைதீன்பாவாவின் தம்பி. இத்தா முடியும்வரை பார்த்துக்கொள் என்று றம்லா செட் சாவியைக் கொடுத்தது இவனிடம்தான்.

"நீங்கதான் டீலரா தங்கச்சி?"

"ஓம் சேர்."

"புத்தகமா இது? ஒவ்வொரு நாளும் டாங்கிக்குள்ள கம்பு விட்டுப் பார்த்து, எவ்வளவு கிடக்கெண்டு எழுதோணும். பாதி நாள் வெறுமை! மிச்ச நாள் வாய்க்கு வந்த இலக்கம்! இறக்கின டீசல் எல்லாம் எங்க போச்சு?"

றம்லா குனிந்து பார்த்தாள். ஒவ்வொரு பக்கத்தின் கீழும் அவள் கையெழுத்து. அச்சு அசல்!

"சேர், நான்..."

"மதினியைக் கோவிக்காதீங்க சேர்!" றம்ஸீன் குறுக்கே பாய்ந்தான். "புருஷன், எங்கட காக்கா, போன கவலை. ஒழுங்கா எழுதுங்க எண்டு நானும் எவ்வளவோ சொன்னன். கேட்டாத்தானே?"

றம்லா மறுபடி வாய் திறந்தாள். வினாயகமூர்த்தி கையைக் காட்டித் தடுத்தார்.

"நீங்க பொறுங்க. தம்பி சொல்லட்டும். இவங்க எழுதினத நீங்க பாத்தீங்களா?"

"என்ட கண்ணால! விடிஞ்சா வந்து நிப்பா. இந்த மேசையில இருந்துதான் கையெழுத்து வைப்பா."

"எப்ப இருந்து?"

"காக்கா மௌத்தான அடுத்த நாள்ல இருந்தே! ஒரு நாளும் தவறினதில்ல சேர்!"

தவளை தன் வாயால் கெட்டது!

வினாயகமூர்த்தி கண்ணாடியைக் கழற்றினார்.

"அப்ப இத்தா?"

றம்ஸீன் கட்டிய கையை அவிழ்த்தான். தமிழ் ஆள்தானே, இவருக்கு இதெல்லாம் எங்கே தெரியப்போகுது என்று நினைத்துவிட்டான், மடையன்!

"நான் ஆரையம்பதி, தம்பி. வேலிக்கு அங்கால காத்தான்குடி, முஸ்லிம் ஊர். பக்கத்து வீட்டு றாத்தா இத்தா இருக்கக்குள்ள கடைச் சாமான் வாங்கிக் குடுத்ததே எங்கட அம்மாதான். அந்த றாத்தான்ட நிழலைக்கூட நாங்க காணல்ல. இவங்க மட்டும் இத்தனை ஆம்பிளையளுக்கு நடுவில வந்து நிண்டவங்களோ?"

பம்படியில் நின்ற அஸாம் தலை குனிந்தான்.

"வரல்ல சேர்... கையெழுத்து வெச்சது றம்ஸீன் நானாதான். டீசலைப் பரல்ல அடிச்சு மீன்பிடி போட்டுக்காரருக்கு வித்ததும் அவர்தான். வாய் திறந்தா வேலை போயிரும் எண்டார்."

"யா அல்லாஹ்!" என்றாள் றம்லா. "அப்ப லைசன் தப்பிச்சுதா சேர்?"

"இல்ல தங்கச்சி. லைசன் ரத்து. கள்ளன் ஆராயிருந்தாலும் புத்தகத்துக்குப் பொறுப்பு டீலர்தான்."

அதுவும் அவளுக்கு வலிக்கவில்லை.

றம்ஸீனின் உதட்டில் ஒரு சிரிப்பு எட்டிப் பார்த்தது. மாட்டிக்கொண்டவன் ஏன் சிரிக்கிறான்?...

"சிரிங்க, நல்லாச் சிரிங்க," என்றார் வினாயகமூர்த்தி. "இந்தச் செட்டைத் தனக்குத் தரச்சொல்லி ஒரு விண்ணப்பம் போன மாசமே கந்தோருக்கு வந்திட்டு. உங்கட பேர்ல! ரத்தாகப் போகுதெண்டு உங்களுக்கு எப்பிடித் தம்பி முந்தியே தெரியும்? அதுக்குத்தானே புத்தகத்தை நாறடிச்சது?"

சிரிப்பு செத்தது!

"தங்கச்சி, நீங்க நாளைக்கே புதுசா விண்ணப்பம் போடுங்க. நடந்ததை நான் எழுதித் தாறன். போட்டிக்கும் இனி ஆள் இல்ல."

வினாயகமூர்த்தி அழைத்த பொலிஸ் ஜீப் வந்தது. ஏறும்போது றம்ஸீன் ஓவென்று அழுதான்.

"மதினி! ஒரு வார்த்தை சொல்லுங்க! உள்ள போட்டா மாசக்கணக்கா வெளியில வர ஏலாது! நான் எப்பிடி இருப்பன்?"

மௌத்து வீட்டுக்குப் பிறகு முதல் தடவையாக றம்லாவுக்குக் கோபம் வந்தது. நல்ல கோபம்!

"வாசல் தாண்டாம இருக்கிறதா? முதல் கிழமைதான் கஷ்டம் தம்பி... பிறகு பழகிரும்!"