இரண்டு உயிருக்கு ஒரே மூச்சு

மழை கொட்டியது. மூக்குக்கண்ணாடிக் கடையின் கதவைத் தள்ளிக்கொண்டு வெளியே வந்தவள் அவசரமாகக் குடையை விரித்தாள். குடைக்கம்பி ஒன்று வாசலில் நின்றவனின் சட்டைக் காலரில் மாட்டி இழுக்க, மேல் பட்டன் தெறித்து ஓடியது.

“கண்ணு தெரியலையா? வழியை அடைச்சுக்கிட்டு நிக்கிறீங்களே!”

அவன் திரும்பினான். “ஆளையும் குத்திட்டு, கண்ணு தெரியலையான்னும் கேக்குறீங்க... இப்படித்தான் கடைக்கு ஆள் பிடிக்கிறதா?”

அவளுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. நாள் முழுக்க அடுத்தவர் கண்களைச் சோதித்து, ஃப்ரேம் மாட்டிவிடுவதுதான் அவள் வேலை. கண்கள் அவளுக்குப் புதிதல்ல. ஆனால் இந்தக் கண்கள்... எதையும் சட்டென்று விட்டுப் போக மனமில்லாமல் நின்று பார்க்கிற கண்கள்.

பார்வை கீழே இறங்கியது. பட்டன் போன இடத்தில், அவன் நெஞ்சோடு ஒட்டி, உள்ளங்கை அகலத்தில் பச்சையாய் ஒன்று. இலை மாதிரி... ஆனால் மெல்ல விரிந்து சுருங்கியது.

கூட்டாளி!

வானத்திலிருந்து விழுந்த கற்களோடு வந்த உயிர். நுரையீரல் கெட்டவர்களின் நெஞ்சில் ஒட்டவைத்தால் அவர்களுக்காக மூச்சு வாங்கிக் கொடுக்கும். பதிலுக்கு அவர்களின் உடல் சூட்டில் வாழும். ஒன்றைவிட்டு ஒன்று பிழைக்காது. அம்மா மூச்சுக்குத் தவித்தபோது டாக்டர் இதைத்தான் சொன்னார். அப்பா கூடாது என்றுவிட்டார். அம்மா போய்விட்டாள்.

“பயந்துட்டீங்களா?” அவன் காலரை இழுத்துப் பிடித்துக்கொண்டான். “இவருக்கு ‘துரை’ன்னு பேரு வெச்சிருக்கேன். மழைன்னா உசுரு. நனைய விடலேன்னா கோவிச்சுப்பார்.”

அந்தக் கட்டடத்தின் லிஃப்டைப் பழுது பார்க்க வந்தவன் அவன். அதன் பிறகு அந்த லிஃப்ட் அடிக்கடி கெட்டது. கெடாத நாளிலும் அவன் வந்தான்.

“நீங்களே கெடுத்து விடுறீங்களா?”

“லிஃப்ட் மேல பழி போடாதீங்க, கண்ணாடிக்காரம்மா. கெட்டுப்போனது நான்தான்.”

அவள் தலையைக் குனிந்துகொண்டு, ஏற்கெனவே துடைத்த லென்ஸை மறுபடி துடைத்தாள். காது மடல் சுட்டது.

ஒரு ஞாயிற்றுக்கிழமை அவனை வீட்டுக்கு அழைத்துப் போனாள். பஸ் ஓட்டி ஓய்வு பெற்ற அப்பா எழுந்து வரவேற்றார். பேச்சு நன்றாகத்தான் போனது. குனிந்து தண்ணீர் டம்ளரை எடுத்தபோது அவன் காலர் விலகியது. அப்பாவின் முகம் வெளுத்தது.

“எத்தனை வருஷமா இருக்கு தம்பி?”

“காலேஜ் படிக்கும்போது வெச்சாங்க சார்.”

“மாடி ஏறினா மூச்சு வாங்குமா?”

“லிஃப்ட் நின்னா நான்தானே சார் ஏறணும்? ஓடியே ஏறுவேன்.”

அப்பா எழுந்தார். அறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டார். அவன் போன பிறகுதான் வெளியே வந்தார். “அந்தப் பையன் இனிமே இங்க வரவேண்டாம்.”

சண்டை போட வாயெடுத்தவள், அவர் பார்வை அம்மாவின் படத்தில் நிற்பதைக் கண்டு நிறுத்திக்கொண்டாள். அவன் ஒவ்வொரு முறை மூச்சு விடும்போதும், ‘அவளும் இப்படி இருந்திருப்பாளே’ என்றல்லவா அப்பாவுக்குக் கேட்கும்? இதை எப்படி அவர் தினமும் தாங்குவார்?

அப்பா சொன்னதையும் அம்மா போன கதையையும் அவனிடம் சொன்னாள். “சரிங்க...” என்றான். அவ்வளவுதான். இவ்வளவு சுலபமா விட்டுட்டாரே! அந்த வீம்பில் அவளும் ஃபோன் செய்யவில்லை.

மழைக்காலம் முடிந்தது. லிஃப்ட் ஒருநாள் நிஜமாகவே நின்றது. வேறு ஆள் வந்தான்; அவள் விசாரித்தாள்.

“அவரா? நடக்கவே முடியலைங்க. கூட்டாளிக்கு வயசாயிடுச்சாம், காஞ்சுக்கிட்டே வருது. ஒருத்தருக்கு ஒரு தடவைதான் ஒட்டுமாம். இதுக்கு ஆயுசு கம்மின்னு ஆரம்பத்துலயே தெரியுமாம் அவருக்கு...”

கையிலிருந்த கண்ணாடியை எங்கே வைத்தாள் என்று அவளுக்கே தெரியாது. வீட்டுக்கு வந்து அப்பா முன்னால் நின்றாள்.

“நான் அவர்கிட்ட போறேன்ப்பா. அவருக்கு ரொம்ப நாள் இல்லையாம். நீங்க என்ன சொன்னாலும்...”

அப்பா அவள் கையைப் பிடித்துப் பக்கத்தில் உட்கார வைத்தார்.

“உங்கம்மா கேட்டாம்மா... ‘வெச்சுக்கட்டுமாங்க’ன்னு என் கையைப் பிடிச்சுக்கிட்டுக் கேட்டா. டாக்டர் சொன்னதுதானே உனக்குத் தெரியும்? இது தெரியாதே. எங்கிருந்தோ வந்த புழு உன்மேல ஒட்டுறதான்னு நான் அருவருப்புப் பட்டேன். அவ அப்புறம் கேக்கவே இல்லை.” துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டார். “இன்னும் கொஞ்ச நாள் கிடைச்சாக்கூடப் போதும்னு இப்ப தோணுது. நீ போ. என்னை மாதிரி இருந்துடாத.”

அவன் அறை மூன்றாவது மாடியில். ஓடியே ஏறினாள். கதவு திறந்தே இருந்தது. தலையணைகளை அடுக்கிச் சாய்ந்திருந்தான். நெஞ்சில் பச்சை போய், ஓரமெல்லாம் பழுப்பு.

“கண்ணாடிக்காரம்மா...” எழ முயன்றான். முடியவில்லை.

“தெரிஞ்சுதானே விட்டுட்டுப் போனீங்க? என்கிட்ட சொல்லணும்னு தோணலையா?”

“அம்மாவை ஒரு தடவை... பறிகொடுத்தவங்க நீங்க. மறுபடியும்...”

“அதை நான் சொல்லணும். நீங்க யாரு முடிவு பண்ண?” கட்டிலோரம் உட்கார்ந்து, இரண்டு உள்ளங்கைகளையும் அவன் நெஞ்சின் மேல் வைத்தாள். இதுவரை துரையைத் தொட்டதில்லை. சில்லென்றிருந்தது. கைக்கடியில் அது மெல்ல அசைந்து, அவள் விரல்களின் பக்கம் நகர்ந்தது.

“எனக்கு உங்களைப் பிடிச்சிருக்கு” என்றாள். கண்ணீர் மூக்கு நுனியில் நின்றது. “எத்தனை நாள்னு நான் கேக்கல. அத்தனை நாளும் எனக்கு வேணும்.”

“நானும்...” மூச்சு முட்டியது. அவள் காத்திருந்தாள். “அன்னிக்கே... உங்களை...”

“மெதுவா சொல்லுங்க. நான் எங்கயும் போகல.”

ஒவ்வொரு வார்த்தைக்கும் நடுவே நெடுநேரம் ஆனது. ஆனாலும் அவன் முழுசாகச் சொல்லி முடித்தான்.