ஒரு சாண் தூரம்

கொல்லைப்புற மரத்தளத்தில் பழைய வார்னிஷ் செதில் செதிலாக உரிந்து கிடந்தது. பாப்புவின் தவழுகிற தம்பிக்கு உள்ளங்கையில் அது குத்திய நாளிலிருந்து அம்மாவுக்கு நிம்மதியே இல்லை.

“இதை உரிச்செடுக்க வெளியாள் எதுக்கு? நான் செய்றேன்,” என்றார் மாமா.

காய்ச்சலில் படுத்து எழுந்த பிறகு மாமாவின் கைகள் நடுங்கும். ஒரு வருடமாக யாரும் அவரிடம் ஒரு வேலையும் சொல்வதில்லை. அம்மா அரை மனதோடு தலையாட்டிவிட்டு, தம்பியைத் தூக்கிக்கொண்டு கடைக்குப் போனாள்.

தண்ணீரை வேகமாகப் பீய்ச்சியடிக்கும் பிரஷர் வாஷர் வாடகைக்கு வந்து உறுமியது. கண்ணுக்குக் கண்ணாடி மாட்டிக்கொண்டு பாப்பு தள்ளி நின்றாள். தண்ணீர் விசிறிபோல் விரிந்து பாய்ந்தது. கறுத்த வார்னிஷ் கழன்று ஓட, அடியிலிருந்து தேன் நிறத்தில் மரம் எழுந்து வந்தது. அதன் உடம்பெல்லாம் வரிகள்! குளத்தில் கல்லெறிந்தால் ஓடுமே, அந்த வளையங்கள் போல.

“அம்மாடி! இதை யாரு மாமா வரைஞ்சது?”

“வரைஞ்சவர் மேல இருக்கார். நான் தூசி தட்டுற ஆளுதான்.”

அப்போது பார்த்து மாமாவின் கை நடுங்கியது. குழலின் வாய் தாழ்ந்தது. சர்ரென்று பலகையில் ஒரு பள்ளம் விழுந்தது.

மாமா இயந்திரத்தை நிறுத்தினார். “ஒரு சாண் தள்ளிப் பிடிக்கணும். இந்தக் கை சொன்ன பேச்சைக் கேக்கல. வேற ஆளைக் கூப்பிடச் சொல்லு, மருமகளே.”

அவர் குழலைக் கீழே வைத்தார்.

பாப்பு யோசித்தாள். கை நடுங்கினால் என்ன? குழல் கீழே இறங்காமல் இருந்தால் போதுமே!

ஓடிப்போய் ஒரு குச்சியும் கயிறும் ஓட்டை விழுந்த பழைய டென்னிஸ் பந்தும் கொண்டுவந்தாள். குழலின் வாயைவிட ஒரு சாண் நீண்டிருக்கும்படி குச்சியைப் பக்கவாட்டில் கட்டினாள். மரத்தில் கீறல் விழாமலிருக்க நுனியில் பந்தைச் செருகினாள்.

“என்னடி இது, குழலுக்கு மூக்கா?”

“அந்த மூக்கைத் தரையில வச்சுத் தள்ளுங்க மாமா.”

தள்ளினார். கை நடுங்கியது. பந்து மட்டும் தரையைவிட்டு எழும்பாமல், ஒரே சீராக வழுக்கி நகர்ந்தது. பலகை பலகையாக மரம் கண் விழித்தது.

திரும்பி வந்த அம்மா அப்படியே நின்றுவிட்டாள். பிறகு செருப்பைக் கழற்றிவிட்டு, மெல்லக் காலை வைத்தாள்.

“இவ்வளவு நாளும் இது நம்ம காலடியிலயா இருந்துச்சு! எல்லாம் நீயேவாண்ணா செஞ்சே?”

“எல்லாம் மாமாதான்!” பாப்பு முந்திக்கொண்டாள்.

“அந்தப் பள்ளமும் நான்தான்,” என்று சிரித்த மாமா, தோட்டத்துப் பக்கம் பார்வையைத் திருப்பினார்.

“மருமகளே, அந்த வேலியும் மரம்தானே?”